லெவல் பதினொன்று முதல் பதினேழு வரை

ஒன்பதாவது லெவலை யாரோ முடித்திருந்தார்கள்.

அன்றைக்குச் சனிக்கிழமை, பள்ளிக்கூடம் அரை நாள்தான். சாப்பிட்ட தட்டைக் கழுவி வைத்துவிட்டு, ஈரக் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு, கதவைத் தாழ்போட்டுவிட்டுக் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தேன். கோரிப்பாளையத்தில் நாங்கள் குடியிருந்த மாடி வீட்டில் அந்த நேரத்துக்கு வெயில் தளத்தில் இறங்கி, உள்ளே அடுப்படி மாதிரி இருக்கும். ஃபேன் சுடுகாற்றைத்தான் சுற்றிவிடும். எனக்கு அதெல்லாம் ஒரு பொருட்டே இல்லை. வாரத்தில் எனக்கென்று இருந்தது அந்த ஒன்றரை மணி நேரம்தான்.

விளையாட்டு திறந்தது. மேலே ஆங்கில எழுத்தில் 'வாசுகி' என்று என் பெயர். பக்கத்தில் 'லெவல் பத்து' என்றிருந்தது.

நான் ஒன்பதில் மாட்டிக்கொண்டு மூன்று மாதம் ஆகியிருந்தது. ஒரு கிடங்கு, அதற்குள் ஒரு குட்டி ஆள், பத்துப் பன்னிரண்டு பெட்டிகள். ஒவ்வொரு பெட்டியாகத் தள்ளிக் குறித்த கட்டத்தில் சேர்க்க வேண்டும். தள்ளத்தான் முடியும், இழுக்க முடியாது. ஒரு பெட்டி சுவரோரம் ஒட்டிக்கொண்டால் போச்சு, முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். ஒன்பதாவது லெவலில் எப்படித் தள்ளினாலும் கடைசிப் பெட்டி மூலையில் போய் உட்கார்ந்துகொண்டு என்னைப் பார்த்துச் சிரிக்கும்.

நான் முடிக்காததை என் பெயரில் யார் முடித்தது? எழுந்து போய், கதவைத் தாழ்போட்டிருக்கிறேனா என்று இன்னொரு தடவை பார்த்துவிட்டு வந்தேன்.

நான் போட்ட சட்டம்

ஒரு விளையாட்டுக்கு இந்தப் பாடா என்று நீங்கள் கேட்கலாம். கேட்பதற்கு முன்னால், அந்த வீட்டில் நான் யார் என்பதைச் சொல்லிவிடுகிறேன்.

ஒரு மெட்ரிக் பள்ளியில் நான் கம்ப்யூட்டர் டீச்சர். வீட்டுக்குக் கம்ப்யூட்டர் வாங்கிய புதிதில் அதற்குச் சந்தனம் குங்குமம் வைத்து, வெள்ளிக்கிழமை தவறாமல் சாம்பிராணி காட்டியவள். ஞாயிற்றுக்கிழமை காலையில் எட்டுப் பையன்கள் டியூஷனுக்கு வருவார்கள். முதல் நாளே கண்டிப்பாகச் சொல்லிவிடுவேன். "இந்தக் கம்ப்யூட்டர்ல கேம் இருக்கக் கூடாது. இருந்துச்சு, அன்னிக்கோட டியூஷன் கட்."

சட்டம் போட்டால் மீறத்தானே செய்வார்கள். சட்டைக்குள் ஃப்ளாப்பியைச் செருகிக்கொண்டு வருவான்கள். நான் காப்பி போட உள்ளே போய்த் திரும்புவதற்குள் கார் பந்தயமோ துப்பாக்கிச் சண்டையோ ஏறியிருக்கும். ஏற்றினால் போதுமா, ஒளிக்க வேண்டுமே. 'ஃபிசிக்ஸ் நோட்ஸ்' என்று ஃபோல்டர் செய்து அதற்குள் 'செகண்ட் சாப்டர்' என்று இன்னொன்று செய்து உள்ளே போட்டுவைப்பான் ஒருவன். இன்னொருவன் ஃபைலின் பெயரையே மாற்றி, புள்ளிக்குப் பின்னால் வரும் மூன்றெழுத்தையும் மாற்றி, பார்க்கிறவர்களுக்குக் கடிதம் மாதிரி தெரியும்படி செய்துவிடுவான்.

நான் விடுவேனா? ஞாயிறு மதியம் அவர்கள் போனதும் வேட்டை ஆரம்பம். தேதி வாரியாக அடுக்குவேன். பிறகு எடை வாரியாக, எது எத்தனை கே.பி. என்று அடுக்குவேன். இரண்டு பக்க நோட்ஸுக்கு எதற்கு அத்தனை எடை? பிடித்துவிடுவேன். அழிப்பதையும் சாதாரணமாக அழிக்க மாட்டேன். வெறும் டெலீட் தட்டினால் குப்பைத் தொட்டிக்குப் போகும். பையன்கள் அங்கிருந்து எடுத்துக்கொள்வார்கள். ஷிஃப்ட்டையும் சேர்த்து அழுத்தினால் ஒரேயடியாகப் போய்விடும். நான் எப்போதும் ஷிஃப்ட்தான்.

ராத்திரிச் சாப்பாட்டின்போது இந்த வேட்டைக் கதைகளையெல்லாம் என் வீட்டுக்காரரிடம் சொல்வேன். எந்தப் பையன் எப்படி ஒளித்தான், நான் எப்படிக் கண்டுபிடித்தேன் என்று ஒன்று விடாமல் வரும். அவர் பேரையூர்ப் பக்கத்துக்காரர், நாலு வார்த்தை கேட்டால் ஒரு வார்த்தை சொல்பவர். மேலூர்ப் பக்கம் ஒரு கிரானைட் கம்பெனியில், வெட்டி வரும் கற்களை யார்டில் அடுக்கி லாரி ஏற்றிவிடும் சூப்பர்வைசர். சோற்றைப் பிசைந்துகொண்டே கேட்டுக்கொண்டிருப்பார். கதையை முடிக்கும்போது நான் ஒரே வசனத்தைத்தான் சொல்வேன்.

"எங்கிட்ட எதையாச்சும் ஒளிக்க முடியுமாங்க?"

ஓல்டு கொஸ்டின்ஸ்

இத்தனை பேசிய நானும் ஒரு கேம் ஒளித்து வைத்திருந்தேன்.

வெட்கமாகத்தான் இருக்கிறது, என்ன செய்வது. ஒரு பையனின் ஃப்ளாப்பியிலிருந்து பறிமுதல் செய்தது. அழிப்பதற்கு முன்னால் என்னதான் இருக்கிறது என்று ஒரு தடவை திறந்து பார்த்தேன். அதோடு சரி, அழிக்க மனசு வரவில்லை. 'ஓல்டு கொஸ்டின்ஸ்' என்று ஒரு ஃபோல்டர் போட்டு, பழைய வினாத்தாள்களுக்கு நடுவில் பத்திரமாக வைத்துவிட்டேன். பழைய வினாத்தாளை எந்தப் பையன் தேடிப் போய்ப் படிக்கப் போகிறான்? சனிக்கிழமை மதியம் மட்டும் கதவைச் சாத்திக்கொண்டு விளையாடுவேன். என் வீட்டுக்காரருக்குக்கூடத் தெரியாது. அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

இப்போது புரியும் நான் ஏன் கதவைப் பார்க்க எழுந்து போனேன் என்று. ஒளித்து வைத்த இடம் யாருக்கோ தெரிந்துவிட்டது. நாளைக்கு எட்டுப் பையன்களும் வருவார்கள். ஒருத்தன் வாயைத் திறந்தால் திங்கட்கிழமை பள்ளிக்கூடம் முழுக்கச் சிரிக்கும்.

ஃபோல்டரைத் திறந்து தேதி வாரியாக அடுக்கினேன். எனக்குக் கைவந்த வேலையல்லவா. மார்க் பதிவாகும் ஃபைலில் கடைசித் தேதி வியாழக்கிழமை, பகல் பதினொன்று இருபது. என்னால் நம்ப முடியவில்லை. அந்த நேரத்தில் நான் பள்ளிக்கூடத்தில், என் வீட்டுக்காரர் மேலூரில், பையன்கள் எல்லாரும் வகுப்பில். வீடு பூட்டிக் கிடக்கும்.

இதுவரை விளையாட்டை மட்டும் திறந்து மூடியதில் கவனிக்காத இன்னொன்றும் கண்ணில் பட்டது. அந்த விளையாட்டுக்கு மொத்தமே பத்து லெவல். லெவல் ஒன்று முதல் பத்து வரை பத்து ஃபைல்கள். இப்போது பதினேழு இருந்தன. லெவல் பதினொன்று, பன்னிரண்டு, பதிமூன்று என்று பதினேழு வரை ஏழு புதிய ஃபைல்கள். எல்லாவற்றிலும் வார நாள், பகல் நேரம். ஆக, வந்த ஆள் சும்மா விளையாடிவிட்டுப் போகவில்லை. எங்கிருந்தோ புது லெவல் கொண்டுவந்து சேர்த்து, என் வீட்டில் சட்டமாக உட்கார்ந்து ஆடியிருக்கிறான்.

எனக்குக் கோபம் தலைக்கேறியது. மொத்த ஃபோல்டரையும் தேர்ந்தெடுத்து, ஷிஃப்ட்டை அழுத்திக்கொண்டு டெலீட்டைத் தட்டினேன். நிச்சயமாகவா என்று கேட்டது. நிச்சயமாகத்தான் என்றேன். ஒரு நொடிகூட ஆகவில்லை.

மூன்றாவது சாவி

எங்கள் வீட்டுக்கு மூன்று சாவி. ஒன்று என்னிடம், ஒன்று அவரிடம், மூன்றாவது கீழ்வீட்டில். கீழே இருந்தவர் வீட்டுக்காரம்மா மும்தாஜ் அக்கா. மோட்டார் போட, கேஸ் வந்தால் வாங்கி வைக்க என்று நான்தான் கொடுத்து வைத்திருந்தேன். அவர் மகள் ஷமீமா காலேஜில் படித்துக்கொண்டிருந்தாள். ஒரு மாதத்துக்கு முன்னால் "கம்ப்யூட்டர் கொஞ்சம் பழகிக்கிடட்டுமா டீச்சர்" என்று கேட்டவள். அப்புறம் பார்க்கலாம் என்று சொல்லி அனுப்பியிருந்தேன்.

இதற்கு மேல் என்ன சாட்சி வேண்டும்? படபடவென்று படியிறங்கிப் போனேன்.

மும்தாஜ் அக்கா முறத்தில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தார். ஷமீமா பக்கத்தில் உட்கார்ந்து எதையோ தைத்துக்கொண்டிருந்தாள். நான் நின்றபடியே கேட்டேன்.

"அக்கா, எங்க வீட்டுச் சாவிய இனிமே நானே வச்சுக்கிறேன். பகல்ல யாரோ மேல வந்து கம்ப்யூட்டரத் தொடுற மாதிரி இருக்கு."

சொல்லும்போது என் கண் ஷமீமா மேல் இருந்தது. அக்கா அதைப் பார்த்துவிட்டார். முறத்தைக் கீழே வைத்தார். எழுந்து உள்ளே போய், ஆணியில் மாட்டியிருந்த சாவியை எடுத்து வந்து என் கையில் கொடுத்தார். முகம் இறுகிப் போயிருந்தது.

"சாவிய வச்சுக்கங்க டீச்சர், அது உங்க பொருளு. ஆனா ஒண்ணு கேக்குறேன். பகல்லதான் உங்க வீட்டுக்காரரு இருக்காரே, ஒரு ஆம்பள இருக்கிற வீட்டுக்கு எம்புள்ள எதுக்கு வாரா?"

"அவரு எங்கக்கா இருக்காரு? மேலூர்லல்ல இருக்காரு."

அக்கா என்னைப் பார்த்தார். பிறகு ஷமீமாவைப் பார்த்தார். ஷமீமா தையல் மேல் தலையைக் கவிழ்த்துக்கொண்டாள்.

"டூட்டிய மாத்திட்டாங்கன்னு சொன்னாரு," என்றார் அக்கா, இப்போது குரல் தணிந்து. "ரெண்டு மாசமா, சனிக்கெழம தவிர, பத்தரைக்கெல்லாம் வந்துருவாரு. மூணரைக்குத் திரும்பிப் போவாரு. உங்களுக்குத் தெரியும்னுல்ல நெனச்சோம்."

எப்படி மாடியேறி வந்தேன் என்று எனக்கு நினைவில்லை. சாவி உள்ளங்கையில் அழுந்தி அச்சுப் பதிந்திருந்தது மட்டும் நினைவிருக்கிறது.

வெள்ளைச் சட்டை

வீட்டுக்குள் வந்து உட்கார்ந்த பிறகுதான் ஒவ்வொன்றாக என் முன்னால் வந்து நின்றது.

கல் யார்டில் வேலை பார்க்கிறவர் சட்டையில் வெள்ளைத் தூசி இல்லாமல் இருக்காது. காலரில், கைமடிப்பில், பாக்கெட் தையலில் எல்லாம் மாவு மாதிரி அப்பியிருக்கும். எட்டு வருஷமாக அந்தத் தூசியோடு மல்லுக்கட்டித் துவைத்தவள் நான். இரண்டு மாதமாக அவர் சட்டை துவைக்க லேசாக இருந்தது. சோப்பை மாற்றினேன், அதனால்தான் என்று பள்ளிக்கூடத்தில் நாலு டீச்சர்களிடம் பெருமையடித்திருக்கிறேன்.

அதே இரண்டு மாதமாக அவர் தினமும் சாயங்காலம் பிச்சிப்பூ வாங்கி வந்தார். கல்யாணமான புதிதில்கூட வாங்காதவர். மேலூர் பஸ் எல்லாம் அப்போதுதான் மாட்டுத்தாவணி புது பஸ் ஸ்டாண்டுக்கு மாறியிருந்தது; இறங்கும் இடத்திலேயே பூ மலிவாகக் கிடைக்கிறது போல என்று நினைத்துத் தலையில் வைத்துக்கொண்டேன். மூன்றரை மணிக்கு வீட்டைப் பூட்டிக்கொண்டு போகிற மனுஷன் ஆறரை வரைக்கும் எங்கே உட்கார்ந்திருப்பார்? அந்த பஸ் ஸ்டாண்டில்தான்.

கம்ப்யூட்டர் மேல் போடும் துணி உறையைக்கூட யாரோ ஒழுங்காக, சுருக்கமில்லாமல் இழுத்துப் போட்டிருப்பார்கள். பையன்கள் திருந்திவிட்டார்கள் என்று சந்தோஷப்பட்டேன்.

ஒரு ஃபைலின் எடை கூடினால் கண்டுபிடிக்கிறவள், கட்டின புருஷன் இரண்டு மாதமாக வேலை இல்லாமல் அலைவதைக் கண்டுபிடிக்கவில்லை. அன்றைக்கு என் மேல் எனக்கு வந்த வெறுப்பு இன்றைக்கு வரைக்கும் வேறு யார் மேலும் வந்ததில்லை.

பாக்கெட்டில் இருந்தது

ஆறரைக்கு வழக்கம்போல வந்தார். செருப்பைக் கழற்றிவிட்டு, சாப்பாட்டுத் தூக்கைச் சமையலறையில் வைத்துவிட்டு, பூவை என் கையில் கொடுத்தார். நாலு மணி நேரமாக யோசித்து வைத்திருந்த கேள்வியை விட்டுவிட்டு, பூவுக்குத் தண்ணீர் தெளித்தேன்.

"கம்ப்யூட்டர்ல ஒரு வேலை இருக்கு வாசுகி. பத்து நிமிஷம்," என்றார்.

உட்கார்ந்தார். ஒற்றை விரலில் தேடினார். ஓல்டு கொஸ்டின்ஸ் இருந்த இடத்தில் ஒன்றும் இல்லை. மேலும் கீழும் போனார். குப்பைத் தொட்டியைத் திறந்து பார்த்தார், அதுவும் காலி. திரும்பி என்னைப் பார்த்தார். வியர்வை காதோரம் இறங்கிக்கொண்டிருந்தது.

"இங்க ஒரு ஃபோல்டர் இருந்துச்சே."

"அழிச்சிட்டேன்."

"ஷிஃப்ட் போட்டா?"

நான் தலையாட்டினேன். அவர் சட்டைப் பாக்கெட்டில் கையை விட்டு ஒரு புது ஃப்ளாப்பியை எடுத்தார். உறைகூடப் பிரிக்கவில்லை. அதை மேசை மேல் வைத்துவிட்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அந்தப் பதினொண்ணுல இருந்து பதினேழு வரைக்கும் கேம் இல்ல," என்றார். "என் பயோடேட்டா. எட்டு வருஷம் யார்டுல என்னென்ன பாத்தேன்னு அம்புட்டையும் அடிச்சு வச்சிருந்தேன். திங்கக்கெழம பத்து மணிக்கு இன்னொரு கம்பெனில வரச் சொல்லியிருக்காங்க. நாளைக்கு இதுல ஏத்திக்கிட்டுப் போயி பிரிண்ட் எடுக்கலாம்னு இருந்தேன்."

கட்டிலில் உட்கார்ந்தேன்.

அவர் வேலை பார்த்த கம்பெனி இரண்டு மாதத்துக்கு முன்னால் யார்டை இழுத்து மூடிவிட்டது. அப்போது கணக்குத் தீர்த்துக் கொடுத்த பணத்தைத்தான் மாதாமாதம் சம்பளம் என்று என் கையில் தந்திருக்கிறார். அனுபவச் சான்றிதழ் கேட்டுப் போனவர்களுக்கு ஆபீஸ் பூட்டைத்தான் பார்க்க முடிந்தது. அவர் கையில் காகிதம் என்று எதுவும் கிடையாது. தட்டச்சு தெரியாத மனுஷன், ஒற்றை விரலால் இரண்டு மாதம் தட்டித் தட்டிச் சேர்த்து வைத்த ஏழு ஃபைலும்தான் அவர் கையிருப்பு. அதை நான் ஒரு நொடியில் ஒழித்துவிட்டேன்.

"அத ஏங்க அங்க கொண்டுபோயி வச்சீங்க?" என்று கேட்டேன். அழுகையில் எனக்கே என் குரல் அடையாளம் தெரியவில்லை.

"நீதான சொன்ன, பசங்க கேம நோட்ஸ் மாதிரி பேரு மாத்தி வப்பாங்கன்னு. நான் லெட்டர கேம் மாதிரி பேரு மாத்துனேன். நீ சனிக்கெழம வெளையாடுறது எனக்கு ரெண்டு வருஷமாத் தெரியும். பழைய கொஸ்டின் பேப்பருக்கு எதுக்கு இம்புட்டு எடைன்னு ஒரு நாள் தெறந்து பாத்தேன்." ஃப்ளாப்பியை எடுத்துத் திரும்பப் பாக்கெட்டில் போட்டுக்கொண்டார். "நீ எத அழிச்சாலும் அத அழிக்க மாட்டன்னு நெனச்சேன்."

அழுது முடித்துவிட்டு, சம்பந்தமே இல்லாமல் கேட்டேன்.

"ஒன்பதாவது லெவல நீங்களா முடிச்சீங்க?"

"அது சுலபம். கடைசில வைக்க வேண்டிய கல்லத்தான் மொதல்ல நகட்டணும். யார்டுலயும் அப்பிடித்தான்."

"எம் பேரு எதுக்குப் போட்டீங்க?"

"நான் எங்க போட்டேன். பேரு அதுவா வந்து நின்னுச்சு, எண்டரத் தட்டுனேன்."

ஞாயிற்றுக்கிழமை

காலையில் வந்த எட்டுப் பையன்களையும் படியோடு திருப்பி அனுப்பினேன். அவர் நாற்காலி போட்டுப் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லச் சொல்ல நான் அடித்தேன்.

எட்டு வருஷம் குடும்பம் நடத்தியும் அவர் வேலை என்னவென்று எனக்குத் தெரியாது என்பது அன்றைக்குத்தான் தெரிந்தது. கல்லில் முடிபோல ஓடும் விரிசலை, தண்ணீர் ஊற்றி, அது காய்கிற விதத்தை வைத்துக் கண்டுபிடிப்பாராம். லாரியில் எந்தக் கல் முதலில் ஏற வேண்டும் என்று ராத்திரியே மனசுக்குள் அடுக்கிப் பார்த்துவிடுவாராம். எட்டு வருஷத்தில் அவர் ஏற்றிய ஒரு கல்கூட வழியில் சரிந்ததில்லையாம். இதையெல்லாம் சோறு பிசைந்துகொண்டிருந்த அந்த மனுஷன் ஒரு நாளும் சொன்னதில்லை. சொல்ல நான் எங்கே இடம் கொடுத்தேன்?

அடிப்பதை நிறுத்திவிட்டுக் கேட்டேன். "எங்கிட்ட ஏங்க சொல்லல?"

"சொல்லணும்னுதான் தெனமும் சாப்பிட உக்காருவேன். நீ பசங்களப் பிடிச்ச கதையச் சொல்லிக்கிட்டிருப்ப. முடியிறதுக்குள்ள சோறு முடிஞ்சிரும்."

குற்றம் சொல்லும் குரலில் இல்லை. நடந்ததைச் சொன்னார், அவ்வளவுதான். எனக்குத்தான் அது ஊசியாக இறங்கியது.

ஏழு ஃபைலில் இருந்ததில் அவருக்கு நினைவுக்கு வந்தது மூன்று பக்கம்தான். அதை அந்தப் புது ஃப்ளாப்பியில் ஏற்றி, அவரே எடுத்துக்கொண்டு பிரிண்ட் எடுக்கப் போனார்.

நான் சாவியை எடுத்துக்கொண்டு கீழே போனேன். மும்தாஜ் அக்காவிடம் நீட்டினேன். அவர் வாங்கவில்லை.

"எங்கிட்ட எதுக்குத் தாரீங்க? ஷமீமாகிட்ட நீங்களே குடுங்க டீச்சர்."

கொடுத்தேன். மன்னிப்புக் கேட்கத்தான் போனேன். நாளையிலிருந்து சாயங்காலம் கம்ப்யூட்டர் பழக வாரியா என்றுதான் கேட்க வந்தது. அவள் சாவியை ஆணியில் மாட்டினாள். பத்து நாள் கழித்துத்தான் வந்தாள்.

நாலரை மணி

திங்கட்கிழமை இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையில், மூன்று பக்கத்தையும் பிளாஸ்டிக் உறையில் போட்டுக்கொண்டு அவர் கிளம்பினார். நான் பள்ளிக்கூடம் போனேன். பத்து மணிக்கு லேபில் ஒன்பதாம் வகுப்புக்குப் பாடம். என்ன நடத்தினேன் என்று கேட்டால் எனக்குத் தெரியாது. சுவர்க் கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு பையன் நோட்டுக்குள் ஃப்ளாப்பியை வைத்திருந்தது தெரிந்தது. பார்க்காத மாதிரி இருந்துவிட்டேன்.

பள்ளிக்கூடம் விட்டதும் நேராக வீடு. வழியெல்லாம் ஒன்றையேதான் கணக்குப் போட்டுக்கொண்டு வந்தேன். வேலை கிடைத்திருந்தால் இன்றைக்கே சேரச் சொல்லியிருப்பார்கள், ஆறரைக்குத்தான் வருவார். கிடைக்காவிட்டாலும் ஆறரைக்குத்தான் வருவார். பூ வாங்கிக்கொண்டு, இரண்டு மாதமாக வந்த மாதிரியே. அவர் முகத்தைப் பார்த்து இது எது என்று கண்டுபிடிக்க எனக்குத் தெரியுமா? அந்தப் பயத்தோடுதான் படியேறினேன்.

கடைசிப் படியில் நின்றுவிட்டேன்.

வாசலில் அவர் செருப்பு கிடந்தது. கதவு திறந்திருந்தது. மணி நாலரைதான் ஆகியிருந்தது. உள்ளே அடுப்பில் பால் பொங்கும் வாசனை.

"கெடைக்கல வாசுகி," என்றார் அவர், சமையலறையிலிருந்து. "வா, காப்பி போடுறேன்."

என் செருப்பைக் கழற்றி அவர் செருப்புக்குப் பக்கத்தில் விட்டுவிட்டு உள்ளே போனேன்.